குவென்யா பேசியவர்கள்

நேயர்களுக்கு வணக்கம். என்னைப் பேச அழைத்த வானொலி நிலையத்தாருக்கு நன்றி.

எந்த நாட்டிலும் எவருக்கும் தாய்மொழியாக இல்லாத ஒரு மொழியைப் பற்றி இன்று பேசப் போகிறேன். அதன் பெயர் குவென்யா. பிற்காலத்தில் ஆக்ஸ்ஃபோர்டு பல்கலைக்கழகப் பேராசிரியராக இருந்த, 'தி லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்' கதையை எழுதிய ஜே.ஆர்.ஆர். டோல்கீன், 1915 வாக்கில், தம் இருபதுகளின் தொடக்கத்தில் இதை உருவாக்கத் தொடங்கினார். ஃபின்லாந்து மொழியின் ஓசை அவரை மயக்கியிருந்தது. அந்த மயக்கத்தில் பிறந்தது குவென்யா. 1973இல் அவர் இறக்கும்வரை அதைத் திருத்திக்கொண்டே இருந்தார்.

கதையை எழுதிவிட்டு அதற்கு அலங்காரமாக மொழியைச் சேர்த்தார் என்றுதான் பலர் நினைக்கிறார்கள். நடந்தது வேறு. மொழி முதலில் வந்தது. அதைப் பேச மக்கள் வேண்டுமே என்று அப்புறம் எல்ஃப் என்ற கற்பனை இனத்து மக்களின் உலகம் வளர்ந்தது.

அந்த உலகில் குவென்யாவுக்குச் சிண்டரின் என்று ஓர் உறவுமொழி உண்டு. வெல்ஷ் மொழியின் சாயலில் செய்தது. இரண்டுக்கும் மூதாய் ஒன்றே. மரத்துக்குக் குவென்யாவில் 'அல்டா', சிண்டரினில் 'கலத்'. அன்னத்துக்கு 'அல்க்வா', 'அல்ஃப்'. நம் 'பால்' கன்னடத்தில் 'ஹாலு' ஆவதுபோல, எந்த ஒலி எப்படி மாறும் என்று விதி வகுத்து, அந்த விதிப்படி சொற்களை வளர்த்தார். கதையில் எல்ஃப் மக்களில் ஒரு கூட்டம் கடல் தாண்டி மேற்கே போனது, இன்னொரு கூட்டம் பின்தங்கியது. பேச்சு பிரிந்தது அதனால்தான்.

என்னை மிகவும் பாதித்த இடம் இனிதான் வருகிறது. மேற்கே போனவர்களில் நோல்டோர் என்ற பிரிவினர் பல காலம் கழித்துக் கடல் கடந்து திரும்புகிறார்கள். வரும் வழியில் கப்பல்களுக்காகத் தம் உறவினத்தாரையே கொன்றிருக்கிறார்கள். இந்தச் செய்தி சிண்டரின் பேசும் மன்னன் திங்கோலின் காதுக்கு எட்டுகிறது. கொல்லப்பட்டவர்கள் அவனுடைய தம்பியின் மக்கள். என் ஆட்சிக்குள் குவென்யா ஒலிக்கக் கூடாது என்று தடை போடுகிறான். வந்தவர்களும் நாளடைவில் அன்றாடப் பேச்சுக்குச் சிண்டரினை எடுத்துக்கொள்கிறார்கள். குவென்யா பாட்டுக்கும் ஏட்டுக்கும் உரிய மொழியாகிறது.

கோலாலம்பூரில் இருந்துகொண்டு இதைப் படிக்கும் ஒரு தமிழருக்கு மனம் ஒரு நிமிடம் நின்றுவிடும். நமக்கு யாரும் தடை போடவில்லை. தமிழ்ப்பள்ளிகள் இருக்கின்றன, இந்த வானொலி இருக்கிறது. ஆனாலும் தமிழ் கோவிலுக்கும் கல்யாணப் பத்திரிகைக்கும் மட்டும் என்று ஆகிவிட்ட வீடுகள் நம்மிடையே இருக்கின்றன. ஒரு மொழி வீட்டுக்கூடத்திலிருந்து பூசையறைக்கு எப்படி நகர்கிறது என்பதை, கற்பனைக் கதையில் இவ்வளவு சரியாக எழுதியவர் வேறு யாரும் எனக்குத் தெரியவில்லை.

ஓர் ஒலியை வைத்தே ஒரு குடும்பச் சண்டையையும் அவர் எழுதியிருக்கிறார். நோல்டோர் இளவரசன் ஃபெயனோரின் தாய் பெயர் மீரியெல் தெரிண்டே. அந்தத் 'தெ' பல்லிடையில் நாக்கு நுனியை வைத்து ஊதும் ஒலி. காலப்போக்கில் நோல்டோர் மக்கள் அதை 'ஸ' ஆக்கிவிடுகிறார்கள். தாய் பெயர் 'ஸெரிண்டே' ஆகிறது. அவளோ இறந்துவிட்டாள், தந்தை மறுமணம் செய்துகொண்டார். மகன் பழைய ஒலியை விடமாட்டேன் என்கிறான். மாற்றாந்தாய் வீட்டார் 'ஸ' என்று உச்சரிக்கும்போதெல்லாம் தன் தாயை அவமதிப்பதாகவே அவனுக்குப் படுகிறது. நம் பிள்ளைகள் 'பளம்' என்றால் தமிழாசிரியருக்கு முகம் வாடுகிறதே, அதன் ஆழம் இதுதான். ழகரத்தோடு கூடவே யாரோ ஒருவர் போய்விடுகிறார் என்ற பயம்.

தமிழருக்கு நெருக்கமான கற்பனை மொழி ஒன்றும் உண்டு, கிளிக்கி. 2015இல் வந்த பாகுபலி படத்தில் எதிரிக் கூட்டமாக வரும் காலகேயர்களுக்காகப் பாடலாசிரியர் மதன் கார்க்கி உருவாக்கியது. சொற்கள், இலக்கணம் எல்லாம் முறையாக அமைந்தவை. 2020 பிப்ரவரி 21, உலகத் தாய்மொழி நாளன்று, எழுத்துகளும் வெளியாயின. அந்த உழைப்பின் மேல் எனக்கு மிகுந்த மதிப்பு. என் குறை மொழியின் மேல் இல்லை, கதை அதற்குக் கொடுத்த வாழ்க்கையின் மேல். அதைப் பேசுகிறவர்களைக் கரிய மேனியும் வெறிக் கூச்சலுமாகப் போர்க்களத்தில் மட்டுமே காட்டினார்கள். ஒரு காலகேயத் தாய் தாலாட்டுப் பாடி நாம் கேட்கவில்லை. இது எனக்கு வருத்தம்தான்.

நம் ஊரில் கற்பனைக் கதை எழுதும் இளைஞர்கள் இதைக் கேட்டுக்கொண்டிருக்கலாம். உங்கள் உலகத்துக்கு ஒரு மொழி செய்யுங்கள், கட்டாயம் செய்யுங்கள். அதற்கு இந்த மண்ணில் கிடைக்கிற பாடம் வேறெங்கும் கிடைக்காது. 'கடை' மலாய்க்குப் போய்க் 'கெடாய்' ஆனது. பாசார் மாலாம் என்ற இரவுச் சந்தையில் ஒரே வியாபாரி மலாய், தமிழ், கேண்டனீஸ் என்று ஆளுக்கேற்ப மாறி விலை சொல்கிறார். உங்கள் மக்களும் யாரிடமாவது கடன் வாங்கியிருக்க வேண்டும், யாருக்காவது கொடுத்திருக்க வேண்டும். எந்த மொழியில் பேரம் பேசுவார்கள், எந்த மொழியில் அழுவார்கள், பேத்தி எந்தச் சொல்லைத் தப்பாகச் சொன்னால் பாட்டிக்குக் கோபம் வரும் என்பதை முதலில் முடிவு செய்யுங்கள். வினைச்சொல் அட்டவணையை அப்புறம் போட்டுக்கொள்ளலாம்.

நன்றி, வணக்கம்.