ஸ்டான்லி ஆஸ்பத்திரிக்குக் ‘கஞ்சித்தொட்டி’ என்று பேர் வந்த கதை

(திரையில்: ஸ்டான்லி மருத்துவமனை வாசல், காலை நேரக் கூட்டம்)

வணக்கம் மக்களே! சென்னை பழைய வண்ணாரப்பேட்டையில் வயதான யாரிடமாவது ஸ்டான்லிக்கு வழி கேட்டுப் பாருங்கள். “கஞ்சித்தொட்டி ஆஸ்பத்திரியா?” என்பார்கள். அது நோயாளிக்குக் காய்ச்சிய கஞ்சி இல்லை. கிராமத்திலிருந்து பஞ்சம் பிழைக்க வந்த குடும்பங்களுக்கு ஊற்றிய கஞ்சி.

1780-களின் தொடக்கம். ஐதர் அலிக்கும் கிழக்கிந்தியக் கம்பெனிக்கும் சண்டை, கூடவே பஞ்சம். ஊரைவிட்டுக் கிளம்பியவர்கள் பட்டணம் வந்து சேர்ந்தார்கள். 1782-ல் அவர்களுக்குக் கஞ்சி ஊற்றத் தொடங்கிய இடம்தான் மணியக்காரர் சத்திரம். அப்புறம் வைத்தியமும் சேர்ந்து ஆஸ்பத்திரி வளர்ந்தது. 1930-களில் ஆளுநர் ஜார்ஜ் ஸ்டான்லியின் பேரை வைத்தார்கள். ஊர் வாயில் மட்டும் பழைய பேரே நின்றுவிட்டது.

அந்தத் ‘தொட்டி’யைக் கொஞ்சம் கவனியுங்கள். எனக்கு இந்தக் கதையில் உயிரே அந்தச் சொல்தான். வீட்டுக்குச் சமைக்கப் பானை போதும். கல்யாணத்துக்கு அண்டா போதும். மாட்டுக்குத் தண்ணீர் காட்டத்தான் தொட்டி கட்டுவோம். மனிதர்களுக்கே தொட்டி வேண்டியிருந்தது என்றால், எத்தனை பேர் கையேந்தி நின்றிருப்பார்கள்! இன்றைக்கும் பட்டினிக்குத் தமிழில் அதுதான் அடையாளம். 2000-களின் தொடக்கத்தில் நெசவாளர்கள் வேலையிழந்து தவித்தபோதும் ஊர் ஊராகக் கஞ்சித்தொட்டிதான் திறந்தார்கள்.

1876-78 தாது வருடப் பஞ்சத்திலும் இதே ஓட்டம். கூவத்தையும் அடையாற்றையும் இணைக்கும் பக்கிங்காம் கால்வாய்ப் பகுதி, பஞ்ச நிவாரண வேலையாக வெட்டப்பட்டதுதான்.

சரி, இப்போதைக்கு வருவோம். 2016-ல் வடகிழக்குப் பருவமழை பொய்த்தது.

(திரையில்: வியாசர்பாடி, அடிபம்பு, வரிசையில் குடங்கள்)

அந்த வருஷம் திருவண்ணாமலைப் பக்கத்திலிருந்து வந்த அக்கா ஒருவர். இங்கே சித்தாள் வேலை. “வானம் பார்த்த பூமி தம்பி. மல்லாட்டை (நிலக்கடலை) போட்டோம், விதைக்குக்கூடத் தேறலை” என்றார். 2019-ல் புழல் ஏரியும் வறண்டு, ஜோலார்பேட்டையிலிருந்து ரயிலில் தண்ணீர் வந்த கோடையில், விடியற்காலை மூன்று மணிக்கே குடத்தோடு லாரிக்குக் காத்திருந்திருக்கிறார். இன்றும் சாயங்காலம் ஊருக்குப் போன் போட்டால் அவர் முதலில் கேட்பது, “மழை பேஞ்சுதா?”

இப்படிப் பிழைக்க வந்து குடிசை போட்டவர்களை ‘ஆக்கிரமிப்பு’ என்று ஒரே சொல்லில் ஒதுக்குவதை என்னால் ஏற்க முடியவில்லை. பஞ்சத்துக்கு வந்தவர்களுக்கு 1782-லேயே இடம் கொடுத்த ஊர் இது.

உங்கள் வீட்டிலும் பஞ்சம் பிழைக்க வந்த தாத்தா, பாட்டி இருப்பார்கள். எந்த ஊர், எந்த வருஷம், பட்டணத்தில் முதல் ராத்திரி எங்கே படுத்தார்கள் என்று கேட்டு, கமெண்டில் எழுதுங்கள். ஒவ்வொன்றையும் நான் படிப்பேன்.