பம்பாயில் பேசிய பாரசீகம்

வணக்கம். தமிழின் முதல் பேசும்படமான காளிதாஸ் 1931இல் பம்பாய் இம்பீரியல் பிலிம் கம்பெனியில் உருவானது பலருக்குத் தெரியும். அதே கம்பெனியில், அதன் முதலாளி அர்தேஷிர் இரானி பணம் போட்டு, முதல் பாரசீகப் பேசும்படமும் எடுத்தார்கள் என்பது அவ்வளவாகத் தெரியாது. படத்தின் பெயர் 'தொக்தரே லோர்', லோர் இனப் பெண் என்று அர்த்தம், வருஷம் 1933. அதை எழுதியவர், அதில் கதாநாயகனாக நடித்தவர் அப்துல்ஹுசைன் செபந்தா. தெஹ்ரானில் பிறந்த இவர் பம்பாய்க்கு வந்தது சினிமாவுக்காக இல்லை. ஈரானிலிருந்து வந்து குடியேறிய பார்சி சமூகத்து அறிஞர்களிடம் பழைய ஈரானின் பண்பாட்டைப் படிக்க வந்தவரை இரானி பிடித்துப் போட்டுக்கொண்டார், அவ்வளவுதான்.

பாரசீகம் பேசி நடிக்க பம்பாயில் பெண் கிடைப்பது லேசான காரியமா? கடைசியில் ரூஹங்கீஸ் சாமிநெஜாத் கிடைத்தார், ஆனால் வாயைத் திறந்தாலே தென்கிழக்கு ஈரானின் கெர்மான் வட்டாரப் பேச்சு. செபந்தா என்ன செய்தார் தெரியுமா, அந்தப் பேச்சுக்கு ஏற்றபடி கதையையே மாற்றிவிட்டார். எனக்கு அவரிடம் ரொம்பப் பிடித்தது இந்த இடம்தான், எழுதுகிறவனே செட்டிலும் நின்றால்தான் இப்படி ஒரு முடிவு எடுக்க முடியும். தெஹ்ரானில் படம் பிய்த்துக்கொண்டு ஓடியது. திரையில் தோன்றிய குற்றத்துக்காக அந்தப் பெண் பட்ட ஏச்சும் தொல்லையும் தனிக் கதை, பிற்பாடு சினிமாவை விட்டே ஒதுங்கி வாழ்ந்தார்.

அடுத்து வந்த படங்களை செபந்தாவே இயக்கினார். பாரசீகக் கவிஞர் ஃபிர்தௌசியாகவும் அவரே, காதல் கதைகளில் வரும் சிற்பி ஃபர்ஹாதாகவும் அவரே, மஜ்னூனாகவும் அவரே! 'ஃபிர்தௌசி' படத்தில் கஜினி சுல்தான் மஹ்மூத் கவிஞரை நடத்துவதாகக் காட்டிய விதம் அப்போதைய ஈரான் மன்னர் ரெஸா ஷாவுக்குப் பிடிக்கவில்லை, சில காட்சிகளைத் திரும்ப எடுக்க வேண்டியதாயிற்று. கல்கத்தாவில் எடுத்த 'லைலா மஜ்னூன்' பிரதியோடு 1936இல் ஊர் திரும்பினார், ஈரானிலேயே ஸ்டுடியோ போடலாம் என்ற ஆசையோடு. அதிகாரிகள் அசைந்துகொடுக்கவில்லை. வீட்டில் அம்மாவுக்கும் உடம்பு சரியில்லை. சரி, இஸ்ஃபஹான் நகரத்தில் தங்கினார், தன் பெயரிலேயே பத்திரிகை நடத்தினார், வயிற்றுப்பாட்டுக்கு வேறு வேறு வேலை பார்த்தார். படம் மட்டும் எடுக்கவில்லை. ஈரான் மண்ணில் பேசும் கதைப்படம் வர 1948 வரை காத்திருக்க வேண்டியிருந்தது, அதிலும் அவர் இல்லை.

1969இல் காலமானார். அதற்கு முந்தைய சில வருஷங்களில் சின்ன 8 மி.மீ. கேமரா ஒன்றை வைத்துக்கொண்டு, யாருக்காகவும் இல்லாமல், தனக்காகக் குறும்படங்கள் எடுத்துக்கொண்டிருந்தார்.