ஃபிட்ஸ்ஜெரால்ட்: குடிகாரர்னு மட்டும் சொல்லிட்டுப் போகாதீங்க

வணக்கம் மக்களே. அமெரிக்க நாவலாசிரியர் ஸ்காட் ஃபிட்ஸ்ஜெரால்ட்னு சொன்னாலே பார்ட்டி, குடி, கடன், 44 வயசுல சாவு, இவ்ளோதான் பேசறாங்க. எல்லாம் உண்மைதான், ஆனா அந்த மனுஷன் எப்படி உழைச்சு எழுதினார்ங்கறத சொல்லவே மாட்டேங்கறாங்க, எனக்கு அதான் ஆதங்கம்.

1896ல மின்னசோட்டாவுல பொறந்தவர். பிரின்ஸ்டன்ல படிப்ப முடிக்காம ராணுவத்துக்குப் போய், அலபாமா கேம்ப்ல இருக்கறப்ப ஜெல்டாவ பார்த்து மனச பறிகொடுத்துட்டார். கையில காசில்லாதவன நம்பி எப்படி வர்றதுன்னு அந்தப் பொண்ணு நிச்சயத்த முறிச்சிருச்சு. இவர் பெத்தவங்க வீட்டுக்கே திரும்பிப் போய், பதிப்பகம் வேணாம்னு அனுப்புன நாவல திரும்ப உட்கார்ந்து எழுதறார், 1920 மார்ச்ல புக் வருது, அடுத்த வாரமே கல்யாணம்.

இப்ப 'தி கிரேட் கேட்ஸ்பி', கேட்ஸ்பிங்கற பணக்காரனப் பத்தி இவர் எழுதின நாவல். 1924 கடைசியில எடிட்டர் மேக்ஸ்வெல் பெர்கின்ஸ் லெட்டர் போடறார்: கதை அருமை, ஆனா கேட்ஸ்பி ஆளே மங்கலா தெரியறான், இவ்ளோ பணம் எப்படி வந்துச்சுன்னு கொஞ்சமாவது கோடி காட்டுங்க. அப்ப ரோம்ல இருந்த ஃபிட்ஸ்ஜெரால்ட், அச்சுக்கோத்து வந்த ப்ரூஃப்லயே கை வைக்கறார். 8வது அத்தியாயத்துல இருந்த கேட்ஸ்பியோட பழைய கதைய பிரிச்செடுத்து 6வதுக்கு கொண்டு வந்துட்டார். அதனாலதான் 7வதுல, ஹோட்டல் ரூம்ல, கேட்ஸ்பி காதலிக்கற பொண்ணோட புருஷன் டாம் அவன கிழிச்சுத் தொங்கவிடறப்ப, இவன் வடக்கு டகோட்டா ஏழை விவசாயி மகன்னு நமக்கு முன்னாடியே தெரியும், அந்த இடம் அப்படி வலிக்கும். ப்ரூஃப்ல இவ்ளோ பெரிய வேலைய பார்க்க எவ்ளோ பொறுமை வேணும், யோசிங்க!

1925ல புக் வந்துச்சு, எதிர்பார்த்த அளவுக்கு விக்கல. 1930ல ஜெல்டாவுக்கு மனநோய், ஆஸ்பத்திரி செலவுக்காக பத்திரிகைக்கு கதை கதையா எழுதித் தள்ளினார். அதே ஜெல்டா 1932ல ஆஸ்பத்திரியில இருந்தே சொந்தமா ஒரு நாவல் எழுதினப்ப, நம்ம வாழ்க்கை என் நாவலுக்கான சரக்குன்னு இவர் கொதிச்சார். அந்தம்மாவோட டைரியையும் லெட்டரையும் எடுத்து தன் கதையில போட்டவரே இவர்தான். இத நான் நியாயப்படுத்தவே மாட்டேன்.

அவர் சாகறப்ப கேட்ஸ்பியோட ரெண்டாவது பதிப்பு குடோன்ல விக்காம கெடந்துச்சு. இரண்டாம் உலகப் போர்ல சிப்பாய்களுக்குன்னு 1,55,000 காப்பி அச்சடிச்சாங்க, அப்புறம்தான் ஊரே படிச்சுது.

1940 டிசம்பர் 20, ஹாலிவுட். புது நாவலோட 6வது அத்தியாயத்துல முதல் பகுதிய எழுதி முடிக்கறார். மறுநாள் மாரடைப்பு. நாவல் அந்த இடத்துலயே நிக்குது.