அடுக்கில் இருப்பது நேரம்

நண்பர்களே, வணக்கம். 2¹⁰ = 1024 என்று நாம் எல்லோரும் பள்ளியில் எழுதியிருப்போம், மதிப்பெண்ணும் வாங்கியிருப்போம். மேலே ஓரமாக நிற்கும் அந்தக் குட்டி எண்ணை, அதாவது அடுக்கைப் பற்றித்தான் இன்று பேசப்போகிறேன்.

நம் குடலில் வாழும் ஈ.கோலை பாக்டீரியாவை எடுத்துக்கொள்வோம். சத்துள்ள திரவமும் 37 டிகிரி சூடும் கிடைத்தால், ஏறக்குறைய 20 நிமிடத்துக்கு ஒருமுறை அது இரண்டாகப் பிளக்கும். ஒரு மணி நேரத்தில் மூன்று பிளவு. 2³, அதாவது எட்டு. இரண்டு மணி நேரத்தில் 2⁶, அறுபத்து நான்கு. கவனியுங்கள், ஒவ்வொரு மணிக்கும் அடுக்கில் 3 கூடுகிறது, எண்ணிக்கையோ எட்டு மடங்காகிறது. மேலே கூட்டல், கீழே பெருக்கல். கடிகாரமே அடுக்கில் போய் உட்கார்ந்திருக்கிறது! இந்தப் பாடத்தில் எனக்கு மிகவும் பிடித்த இடம் இது.

சரி, ஒரு நாள் முழுக்க விட்டால்? 72 பிளவுகள், 2⁷². கால்குலேட்டர் வேண்டாம். 2¹⁰-ஐ ஆயிரம் என்று வைத்துக்கொண்டால், 2⁷⁰ என்பது 10²¹. மிச்சம் 2², நான்கு. ஆக 4 × 10²¹. ஒரு பாக்டீரியாவின் எடை சுமார் 10⁻¹² கிராம். பெருக்கிப் பாருங்கள், 4,000 டன் வருகிறது. இன்னொரு நாளும் இதே வேகத்தில் போனால் பூமியின் எடையை ஆயிரம் மடங்குக்கு மேல் தாண்டிவிடும்.

அப்படி எங்கும் நடப்பதில்லை. சத்து தீரும், கழிவு சேரும், பிளவு நிற்கும். சூத்திரம் சொல்வது, உணவு இருக்கும் வரைக்குமான கதையைத்தான்.

இந்த நிற்றலையே கருவியாக்கியவர் அமெரிக்க உயிரியலாளர் ரிச்சர்ட் லென்ஸ்கி. 1988 பிப்ரவரியில் 12 குடுவைகளில் ஈ.கோலையை வளர்க்கத் தொடங்கினார். குடுவையில் 10 மில்லி திரவம், அதில் கொஞ்சமே குளுக்கோஸ். அது தீர்ந்ததும் பெருக்கம் நின்றுவிடும். மறுநாள் அதிலிருந்து 0.1 மில்லி மட்டும் எடுத்து 9.9 மில்லி புதுத் திரவத்தில் விடுவார்கள். நூறில் ஒரு பங்கு மறுபடி நூறு மடங்காக வளர்ந்து நிற்கும்.

இப்போது கணக்கு தலைகீழ். நூறு மடங்காக எத்தனை முறை இரட்டிக்க வேண்டும்? 2⁶ என்றால் 64, போதாது. 2⁷ என்றால் 128, மிஞ்சிவிடும். விடை 6.64. அடுக்கு ஏன் பின்னமாக வரவேண்டும் என்று கேட்கும் பிள்ளைகளுக்கு இந்தக் குடுவையைத்தான் காட்டுவேன். எல்லா பாக்டீரியாவும் ஒரே நொடியில் பிளப்பதில்லையே!

நாளுக்கு 6.64 தலைமுறை என்றால் 75 நாளில் 498, கிட்டத்தட்ட 500. அதனால்தான் 75 நாளுக்கு ஒருமுறை மாதிரி எடுத்து உறைய வைக்கிறார்கள். முப்பதாயிரம் தலைமுறைகளுக்குப் பின், ஒரே ஒரு குடுவையின் பாக்டீரியா, திரவத்தில் ஆரம்பம் முதலே கலந்திருந்த சிட்ரேட்டை (சிட்ரிக் அமிலத்தின் உப்பு) ஆக்ஸிஜன் உள்ள சூழலிலேயே உண்ணக் கற்றுக்கொண்டது. ஈ.கோலையின் வழக்கத்தில் இல்லாத திறன் அது. உறைந்த மாதிரிகளை உயிர்ப்பித்து, எந்தத் தலைமுறையில் அந்த மாற்றத்துக்கு வழி திறந்தது என்று பின்னோக்கித் தேடினார்கள். ஒவ்வொரு குப்பியின் மேலும் இருந்த தலைமுறை எண், அந்த 6.64-ஐக் கூட்டிக் கூட்டி வந்தது.