எகிப்தின் தலைமைப் பூசாரிகளும் ஒரு முன்னெழுத்தும்

(நூலக வாசகர் வட்டத்தின் ஆண்டு விழாவில் ஆற்றிய உரை)

விழாவுக்குத் தலைமை ஏற்றிருக்கும் ஓய்வுபெற்ற மாவட்டக் கல்வி அலுவலர் ஐயா அவர்களே, முன்னிலை வகிக்கும் பேரூராட்சித் தலைவர் அம்மா அவர்களே, வாடகை வாங்காமல் மண்டபத்தைத் திறந்துவிட்ட அரிசி ஆலை அண்ணன் அவர்களே, எனக்கு முன்பு பேசி, நான் வைத்திருந்த இரண்டு குறளையும் எடுத்துக்கொண்டு போய்விட்ட தமிழாசிரியர் அவர்களே, சாப்பாட்டுக்கு முன்பே வந்து உட்கார்ந்துவிட்ட மாணவச் செல்வங்களே, தாய்மார்களே, அனைவருக்கும் வணக்கம்.

கல்வி அலுவலர் ஐயா முன்னால் நிற்கும்போது எனக்கு இன்னும் கொஞ்சம் கை நடுங்கும். அவர் ஆய்வுக்கு வருகிறார் என்றால் பள்ளிக்கூடச் சுவரே நிமிர்ந்து நிற்கும். பேரூராட்சித் தலைவர் அம்மாவுக்குத் தனி நன்றி. குடிநீர்க் குழாய் வேலையை நேரில் நின்று பார்த்துவிட்டு, அப்படியே நேராக இங்கே வந்திருக்கிறார். அழைப்பிதழில் அம்மாவின் பெயருக்கு முன்னால் ஒரே ஓர் எழுத்து இருக்கிறது. அது அவருடைய கணவர் பெயரின் முதலெழுத்து. அந்த எழுத்தைப் பற்றி எனக்குக் கொஞ்சம் சொல்ல வேண்டியிருக்கிறது. அப்புறம் வருகிறேன்.

எனக்குக் கொடுத்த தலைப்பு, பண்டைய எகிப்தின் தலைமைப் பூசாரிகளும் அவர்களுடைய பெயர்களும். மூன்று செய்திகள் சொல்லப்போகிறேன். அந்தப் பூசாரிகளின் பெயர்கள் எப்படி அமைந்தன என்பது முதலாவது. பெயரை அவர்கள் ஏன் உயிராக மதித்தார்கள் என்பது இரண்டாவது. கோயில் பூசாரி எப்படி அரசனுக்குச் சமமாக வளர்ந்தார் என்பது மூன்றாவது.

பெயர்களைப் பார்ப்போம். அங்கே பெயர் என்பது பெரும்பாலும் ஒரு முழு வாக்கியம். ‘அமென்ஹோதெப்’ என்றால் அமுன் கடவுள் மனநிறைவோடு இருக்கிறார். ‘இம்ஹோதெப்’ என்றால் அமைதியோடு வருபவர். இந்த இம்ஹோதெப்தான் சக்காராவில் ஜோசர் மன்னனுக்குப் படிக்கட்டுப் பிரமிடு எழுப்பியவர், ஹீலியோபோலிஸ் கோயிலின் தலைமைப் பூசாரியும் அவரே. ஜோசரின் சிலை ஒன்றின் அடிப்பீடத்தில், மன்னன் பெயரோடு சேர்த்து இவர் பெயரையும் வெட்டியிருக்கிறார்கள். மன்னன் சிலையில் இன்னொருவர் பெயர் என்பது அந்த நாட்டில் லேசில் கிடைக்கிற மரியாதை இல்லை.

‘பெதோசிரிஸ்’ என்றால் ஒசிரிஸ் கடவுள் தந்தவன். இவர் ஹெர்மோபோலிஸில் தோத் கடவுளின் தலைமைப் பூசாரி. ‘ஜெத்கோன்சுஎஃபாங்க்’ என்று ஒரு பெயர், எனக்கு நாலு நாள் பயிற்சி தேவைப்பட்டது. ‘இவன் பிழைப்பான் என்று கோன்சு சொல்கிறார்’ என்று பொருள், கோன்சு ஒரு கடவுள். பிள்ளை பிழைக்குமா என்று சாமியிடம் வாக்குக் கேட்டு, வந்த வாக்கையே பெயராக வைத்துவிட்டார்கள். பைபிள் படிப்பவர்கள் ஆதியாகமத்தில் ‘ஓன் பட்டணத்து ஆசாரியனாகிய போத்திபிரா’ என்று பார்த்திருப்பீர்கள். யோசேப்புக்குப் பெண் கொடுத்த மாமனார். ஓன் என்பதும் ஹீலியோபோலிஸ் என்பதும் ஒரே ஊர்தான். போத்திபிரா என்றால் ரா தந்தவன். மகள் ஆஸ்நாத்தின் பெயரில் இருப்பது நெயித் என்ற பெண் தெய்வம். ஆக அப்பா பெயரில் ஆண் தெய்வம், மகள் பெயரில் பெண் தெய்வம்.

இரண்டாம் ராம்செஸ் காலத்தில் கர்னாக்கில் அமுனின் தலைமைப் பூசாரியாக இருந்தவர் பகென்கோன்சு, அதாவது கோன்சுவின் அடியான். அவருடைய சிலை இன்று மியூனிக்கில் இருக்கிறது. அதில் தன் பணிப் பதிவேட்டையே வெட்டி வைத்திருக்கிறார். 4 வருஷம் சிறுபிள்ளை, 11 வருஷம் மன்னனின் குதிரை லாயத்தில், 4 வருஷம் சாதாரணப் பூசாரி, 12 வருஷம் ‘கடவுளின் தந்தை’ என்ற பட்டத்தில், 15 வருஷம் மூன்றாம் நிலை, 12 வருஷம் இரண்டாம் நிலை, கடைசியாக 27 வருஷம் தலைமைப் பூசாரி. கல்வி அலுவலர் ஐயா சிரிக்கிறார். பதவி உயர்வுக்காகக் காத்திருந்தவர்களுக்கு இந்தக் கணக்கு புரியும்.

சரி, பெயரை ஏன் அவ்வளவு பெரிதாக நினைத்தார்கள்? இதற்கு ஒரு கதை உண்டு. இத்தாலியில் தூரின் நகர அருங்காட்சியகத்தில் இருக்கும் பாப்பிரஸில், அதாவது நாணல் தாளில், எழுதியிருக்கிறது. கொஞ்சம் விரித்துச் சொல்கிறேன், செயலாளர் கடிகாரத்தைப் பார்க்க வேண்டாம்.

சூரியக் கடவுள் ராவுக்கு வயதாகிவிட்டது. வாயிலிருந்து எச்சில் வழிந்து தரையில் விழுகிறது. ஐசிஸ் என்ற பெண் தெய்வம் பார்க்கிறாள். விண்ணிலும் மண்ணிலும் அவளுக்குத் தெரியாதது ஒன்றே ஒன்றுதான்: ராவின் உண்மைப் பெயர். எச்சில் விழுந்த மண்ணை எடுக்கிறாள், பிசைகிறாள், ஒரு பாம்பு செய்கிறாள். ரா தினமும் உலா போகும் பாதையில் அதைப் போட்டுவிட்டு ஒன்றும் தெரியாதவள் போல வந்துவிடுகிறாள். ரா வருகிறார். பாம்பு போட்டது போடு!

தாடை நடுங்குகிறது, கைகால் உதறுகிறது. தேவர்கள் எல்லாம் ஓடி வருகிறார்கள். ‘என்னை எதுவோ கடித்துவிட்டது. நான் படைத்தவற்றில் அப்படி ஒன்று இல்லையே! நெருப்பா என்றால் நெருப்பு இல்லை, தண்ணீரா என்றால் தண்ணீர் இல்லை. தண்ணீரைவிடக் குளிர்கிறது, நெருப்பைவிடச் சுடுகிறது’ என்று அலறுகிறார். கூட்டத்தை விலக்கிக்கொண்டு ஐசிஸ் வருகிறாள். ‘ஐயோ, என்ன ஆயிற்று அப்பா?’ யார்? பாம்பைச் செய்தவளே கேட்கிறாள்! ‘உங்கள் பெயரைச் சொல்லுங்கள், விஷத்தை இறக்கிவிடுகிறேன். பெயர் சொல்லப்படுகிறவன் பிழைப்பான்’ என்கிறாள்.

கிழவர் லேசுப்பட்டவரா? ‘வானத்தையும் பூமியையும் செய்தவன் நான். மலைகளைக் கட்டியவன் நான். காலையில் கெப்ரி, உச்சியில் ரா, மாலையில் ஆத்தும்’ என்று பட்டப்பெயராக அடுக்குகிறார். நம் ஊர்ச் சுவரொட்டியில்கூட அவ்வளவு பட்டம் இருக்காது. விஷம் இறங்கவில்லை. ‘நீங்கள் சொன்னதில் உங்கள் பெயர் இல்லையே’ என்கிறாள் ஐசிஸ், அசையாமல். வலி முற்றுகிறது. கடைசியில் தாங்க முடியாமல், தன் உடலுக்குள் இருந்த பெயர் அவள் உடலுக்குள் போகட்டும் என்று ஒப்புக்கொள்கிறார். அவள் மகன் ஹோரஸைத் தவிர வேறு யாரிடமும் சொல்லக் கூடாது என்பது நிபந்தனை. அந்தப் பெயர் என்ன என்று கேட்காதீர்கள். பாப்பிரஸ் கடைசி வரை சொல்லவில்லை. விஷக்கடிக்கு மந்திரமாக இந்தக் கதையையே ஓதியிருக்கிறார்கள்.

இதில் ஒரு வரியைப் பலரும் கவனிப்பதில்லை. பெயர் தனக்கு எப்படி வந்தது என்று ரா சொல்கிறார்: ‘என் தந்தையும் என் தாயும் எனக்குச் சொன்னார்கள், பிறந்தது முதல் என் உடலுக்குள் ஒளித்து வைத்திருக்கிறேன்.’ தந்தையும் தாயும்! உலகத்தைப் படைத்த கடவுளுக்கே பெயர் இரண்டு பக்கத்திலிருந்தும் வந்திருக்கிறது. நூலைப் போல சேலை, தாயைப் போல பிள்ளை என்று நாம் நாள்தோறும் சொல்கிறோம். ஆனால் பிள்ளையின் பெயருக்கு முன்னால் அந்த நூலில் ஓர் இழையாவது இருக்கிறதா?

பெயரை அழிப்பதும் அங்கே பெரிய தண்டனை. அக்கெநாத்தென் என்ற மன்னன் அமுன் வழிபாட்டை ஒழிக்கக் கிளம்பியபோது, தன் சொந்தத் தந்தை அமென்ஹோதெப்பின் பெயரில் இருந்த ‘அமுன்’ என்ற பகுதியையும் கொத்தவிட்டான். மூன்றாம் ராம்செஸைக் கொல்லச் சதி செய்தவர்களின் விசாரணைப் பதிவு இருக்கிறது. அதில் ஒருவன் பெயர் ‘ரா இவனை வெறுக்கிறார்’. இன்னொருவன் ‘தீப்ஸ் நகரத்தில் தீயவன்’. எந்தத் தாயாவது பிள்ளைக்கு அப்படிப் பெயர் வைப்பாளா? குற்றவாளிகள் என்பதால் நீதிமன்ற எழுத்தர்களே பெயரை மாற்றி எழுதிவிட்டார்கள்.

நல்லதும் நடந்தது. இரண்டாம் ராம்செஸின் மகன் காஎம்வாசெத், மெம்பிஸில் ப்தாஹ் கடவுளின் தலைமைப் பூசாரி. சக்காராவில் தனக்கு ஆயிரம் வருஷம் முந்திய உனாஸ் மன்னனின் பிரமிடைப் பழுது பார்த்தார். அதன் தெற்குப் பக்கத்தில் ஏன் பழுது பார்த்தேன் என்று வெட்டி வைத்தார். உனாஸின் பெயர் பிரமிடின் முகப்பில் காணப்படவில்லையாம், அதனால் அந்தப் பெயரை மறுபடி நிலைநிறுத்தினாராம். திருப்பணி செய்து தன் பெயரைப் பெரிதாகப் போட்டுக்கொள்கிறவர்களைப் பார்த்திருக்கிறோம். இவரும் போட்டுக்கொண்டார்தான், ஆனால் பழைய பெயரை முதலில் போட்டார்.

இப்போது அந்த ஓர் எழுத்துக்கு வருகிறேன். மூன்றாம் அமென்ஹோதெப்பின் பட்டத்து ராணி தீயெ. மன்னன் வண்டு உருவக் கற்களில் வெட்டி அனுப்பிய அறிவிப்பில், ‘இவள் தந்தையின் பெயர் யூயா, இவள் தாயின் பெயர் தூயா’ என்று இரண்டையும் போட்டான். தீயெயின் அண்ணனோ தம்பியோ, ஆனென் என்று ஒருவர், அமுன் கோயிலின் இரண்டாம் நிலைப் பூசாரி. அவர் அரச குடும்பத்து உறவு என்பதை எங்கேயும் பறைசாற்றிக்கொள்ளவில்லை. அவர் யார் பிள்ளை என்று நமக்கு எப்படித் தெரியும்? 1905-ல் அரசர் பள்ளத்தாக்கில் யூயா, தூயா கல்லறையைத் திறந்தார்கள். தாய் தூயாவின் சவப்பெட்டியில் மகன் பெயர் எழுதியிருந்தது. அந்த ஒரு வரி இல்லையென்றால் ஆனென் யார் பிள்ளை என்று இன்றைக்கும் தெரியாமலே போயிருக்கும்.

பிற்காலத்து வணிக ஒப்பந்தங்களிலும் இதே வழக்கம்தான்: இன்னாரின் மகன் இன்னார், இவருடைய தாய் இன்னார். நிலம் விற்றாலும் கடன் வாங்கினாலும் அம்மா பெயர் எழுத்தில் ஏற வேண்டும். நம்மவர்களும் அங்கே பெயர் விட்டு வந்திருக்கிறார்கள். செங்கடல் கரையில் குசெய்ர் அல்-கதீமில் கிடைத்த பானை ஓடுகளில் கணன், சாதன் என்று தமிழ்ப் பிராமியில் இருக்கிறது. கணனுடைய அம்மா பெயர் என்ன? யாருக்குத் தெரியும்!

தாய்மார்கள் கேளுங்கள். தாயிம்ஹோதெப் என்று ஒரு பெண். கி.மு. 73-ல் பிறந்தாள். பதினாலு வயதில் மெம்பிஸின் தலைமைப் பூசாரி பஷெரென்ப்தாஹுக்குக் கட்டிக்கொடுத்தார்கள். அவரும் பதினாலு வயதில் எகிப்தை அப்போது ஆண்ட கிரேக்க வம்சத்துத் தாலமி மன்னன் ஒருவனுக்கு முடிசூட்டிய ஆள்தான். மூன்று பெண் குழந்தைகள். ஆண் குழந்தை வேண்டும் என்று இருவரும் இம்ஹோதெப்பிடம் வேண்டினார்கள். ஆமாம், பிரமிடு கட்டிய அதே இம்ஹோதெப், அதற்குள் சாமியாகிவிட்டார். கனவில் வந்து, என் சந்நிதியில் திருப்பணி செய், பிள்ளை தருகிறேன் என்றார். செய்தார்கள். கி.மு. 46-ல் மகன் பிறந்தான். இம்ஹோதெப் என்று பெயர், பெதுபாஸ்த் என்று இன்னொரு பெயர். நேர்ந்துகொண்டு பெற்ற பிள்ளைக்குச் சாமி பெயர் வைக்கும் குடும்பங்கள் இந்த மண்டபத்திலேயே இருக்கும். தாயிம்ஹோதெப் முப்பது வயதில் இறந்துபோனாள். இதையெல்லாம் அவள் குரலிலேயே சொல்லும் கல் பிரிட்டிஷ் அருங்காட்சியகத்தில் நிற்கிறது. தலைமைப் பூசாரி வீட்டுக் கதை நமக்குத் தெரிவது பெரும்பாலும் அவர் மனைவியின் கல்லால். நூலைப் போல சேலை, தாயைப் போல பிள்ளை. பிள்ளையும் பின்னால் தலைமைப் பூசாரி ஆனான்.

ஆகவே என் கோரிக்கை. உங்கள் பிள்ளைகளின் பெயருக்கு முன்னால் அம்மா பெயரின் எழுத்தையும் போடுங்கள். அப்பா எழுத்தை எடுக்கச் சொல்லவில்லை, பக்கத்தில் இடம் இருக்கிறது. பேரூராட்சித் தலைவர் அம்மா அடுத்த அழைப்பிதழில் தன் தாயின் எழுத்தோடு வந்தால், அச்சகச் செலவு என்னுடையது. அம்மா தலையாட்டிவிட்டார், எல்லாரும் சாட்சி. மாணவர்கள் பெயர்ப்பலகை எழுதும்போது, பரிசுப் புத்தகத்தில் கையெழுத்துப் போடும்போது, இன்றே தொடங்கலாம்.

மூன்றாவது செய்தி, பூசாரிகள் அரசர்களானது. ஹெரிஹோர் என்ற தலைமைப் பூசாரி, மன்னர் பெயர் எழுதும் வளையத்துக்குள் ‘அமுனின் தலைமைப் பூசாரி’ என்ற தன் பதவியையே அரியணைப் பெயராக எழுதிக்கொண்டார். கோயில் சொத்தைச் சொல்லும் ஹாரிஸ் பாப்பிரஸ் 40 மீட்டருக்கு மேல் நீளம், அதை இன்றைக்குப் பிரிக்க முடியாது. செயலாளர் இரண்டாவது துண்டுச்சீட்டும் அனுப்பிவிட்டார்.

கையெழுத்துப் படிவம் வாசல் மேசையில் இருக்கிறது. பள்ளிச் சேர்க்கையிலேயே இரண்டு எழுத்தையும் கேட்டு வாங்க வேண்டும் என்ற மனு அது. பேனா கட்டி வைத்திருக்கிறோம், தயவுசெய்து எடுத்துப் போகாதீர்கள். அடுத்து நன்றியுரை. வணக்கம்.