இரண்டாவது கடைக்கு இருபத்தோரு ஆண்டு

(வணிகவியல் மாணவர்களிடையே ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)

அவையோருக்கு வணக்கம்.

குடும்பத் தொழில் வளர்வது பற்றிப் பேசச் சொல்லியிருக்கிறார்கள். அது பெரிய விஷயம், ஒரு மணி நேரத்தில் அடங்காது. அதனால் மளிகையை மட்டும் எடுத்துக்கொள்கிறேன். மளிகையிலும் தன் வட்டாரத்தை விட்டு வெளியே ஓட அவசரப்படாத சூப்பர்மார்க்கெட் குடும்பங்கள் சிலவற்றை. முக்கியமாக டெக்சாஸ் மாநிலத்து எச்.இ.பி. நானூறுக்கும் மேற்பட்ட கடைகள் உள்ள நிறுவனம் அது. டெக்சாஸையும் எல்லைக்கு அந்தப் பக்கம் மெக்சிகோவையும் தாண்டி ஒரு கடைகூடக் கிடையாது. பங்குச்சந்தையிலும் இல்லை. நூற்றிருபது வருடமாக ஒரே குடும்பத்தின் கையில் இருக்கிறது.

தொடங்கியவர் ஒரு பெண். ஃபுளோரன்ஸ் பட். கணவர் மருந்தாளுநர், காசநோய்க்காரர். நல்ல காற்று வேண்டும் என்று கெர்வில் என்ற மலைப்பாங்கான சிற்றூருக்குக் குடிவந்தார்கள். அவரால் உழைக்க முடியவில்லை. மூன்று ஆண் பிள்ளைகள். 1905 நவம்பரில் ஃபுளோரன்ஸ் 60 டாலருக்குச் சரக்கு வாங்கிப் போட்டுக் கடை திறந்தார். கீழே கடை, மேலே வீடு. பிள்ளைகள் வீடு வீடாகச் சரக்கு கொண்டுபோய்க் கொடுத்தார்கள். இதை யாரும் சாகசமாக நினைக்க வேண்டாம். வேறு வழி இல்லாததால் திறந்த கடை.

கடைசி மகன் ஹோவர்ட், முதல் உலகப்போரில் கடற்படைக்குப் போய்த் திரும்பியதும், 1919-ல் கடையை ஏற்றுக்கொண்டார். அவர் செய்த முதல் பெரிய காரியம் கடனை நிறுத்தியது. கடன் கணக்கும் வீட்டுக்கே கொண்டுவந்து கொடுக்கும் பழக்கமும் போய், காசைக் கொடுத்துச் சரக்கை எடுத்துப் போகலாம் என்று மாற்றினார். சின்ன ஊரில் இது லேசான முடிவு இல்லை. கடன் கொடுக்கும் கடைக்காரர் ஊரில் எல்லோருக்கும் வேண்டியவர். நிறுத்தியவுடன் முகம் சுளிப்பார்கள். ஆனால் கடன் கொடுக்கும் கடையில் வசூலாகாத பணத்தின் சுமை, ஒழுங்காகக் காசு கொடுக்கிறவர் வாங்கும் பொருளின் விலையில்தான் ஏறி உட்காரும். கடன் போனால் விலையைக் குறைக்கலாம். கொள்முதலுக்குக் கையில் காசும் இருக்கும். அமெரிக்க மளிகைத் தொழிலே அந்த வருடங்களில் இந்தப் பக்கம்தான் திரும்பிக்கொண்டிருந்தது. மெம்ஃபிஸ் நகரில் 1916-லேயே கிளாரன்ஸ் சாண்டர்ஸ் என்பவர், வாடிக்கையாளர் தாமே கூடையில் எடுத்துக்கொள்ளும் பிக்லி விக்லி கடையைத் திறந்திருந்தார்.

அப்புறம் கிளைகள். ஹோவர்ட் அக்கம்பக்கத்து ஊர்களில் கடை திறந்தார். மூடினார். வேறு ஊரில் திறந்தார். அதையும் மூடினார். ஒருமுறை இரண்டுமுறை இல்லை, பலமுறை. நிலைத்து நின்ற முதல் கிளை 1926-ல் டெல் ரியோ என்ற எல்லையோர ஊரில் அமைந்தது. தாய் கடை திறந்து இருபத்தோரு ஆண்டு கழித்து இரண்டாவது கடை! நிறுவன வரலாறுகளில் இந்த இடத்தை இரண்டு வரியில் தாண்டிவிடுவார்கள். எனக்கென்னவோ மொத்தக் கதையிலும் இதுதான் கவனிக்க வேண்டிய இடம் என்று படுகிறது. வெளியார் பணத்தில் நடந்திருந்தால் அத்தனை தோல்விக்குப் பிறகு அவரை யாரும் விட்டுவைத்திருக்க மாட்டார்கள். முதலீட்டாளர் கணக்குக் கேட்பார், கடையை விற்கச் சொல்வார். அம்மாவின் கடை கணக்குக் கேட்கவில்லை. அது ஓடிக்கொண்டே இருந்தது, மகனுடைய தோல்விகளுக்குச் சோறும் போட்டது.

குடும்பத்துக்கு இருக்கும் வசதி இந்தக் காத்திருப்புதான். பணம் பெரிய கம்பெனிகளிடம் அதிகம். கணினியும் அவர்களிடம் அதிகம், படித்த மேலாளர்களும் அதிகம். மூன்று மாதத்துக்கு ஒருமுறை யாருக்கும் பதில் சொல்லத் தேவையில்லாத நேரம் மட்டும் அவர்களிடம் கிடையாது. அந்த நேரத்தை எதில் செலவழிப்பது என்பதுதான் கேள்வி. எச்.இ.பி அதை அடர்த்தியில், அதாவது கடைகளை நெருக்கமாக அமைப்பதில், செலவழித்தது.

மளிகையில் லாபம் எவ்வளவு தெரியுமா? அமெரிக்க சூப்பர்மார்க்கெட்டில் எல்லாச் செலவும் போக நூறு டாலர் விற்பனைக்கு ஒன்றிலிருந்து மூன்று டாலர் நின்றால் சாதாரணம். அவ்வளவு மெல்லிய தொழில் இது. இதில் ஒரு லாரி கூடுதலாக நூறு கிலோமீட்டர் ஓடினாலே லாபம் சாலையில் கரைந்துவிடும். பாலும் கீரையும் இறைச்சியும் தினமும் போயாக வேண்டிய சரக்கு. நாலு நாள் சேர்த்து ஒரே லோடாக அனுப்ப முடியாது. ஒரு கிடங்கைச் சுற்றி இருபது கடை இருந்தால் ஒரே லாரி நாலு கடையில் இறக்கிவிட்டு அன்றே திரும்பும். நானூறு கிலோமீட்டருக்கு அப்பால் தனியாக ஒரு கடை இருந்தால் அதற்கென்றே ஒரு லாரி, ஒரு ஓட்டுநர், திரும்பும்போது காலி வண்டி. விளம்பரமும் அப்படித்தான். உள்ளூர்த் தொலைக்காட்சியில் ஒரு விளம்பரம் போட்டால், அந்த ஊரில் ஐந்து கடை உள்ளவருக்கும் ஐம்பது கடை உள்ளவருக்கும் ஒரே கட்டணம்.

இந்தக் கணக்கு புரிந்ததால் ஹோவர்ட் தெற்கு டெக்சாஸை விட்டு அசையவில்லை. முதலில் ரியோ கிராண்டே பள்ளத்தாக்கு, அப்புறம் 1940-ல் தலைமை அலுவலகம் கார்பஸ் கிறிஸ்டி. கடைகள் நெருக்கமாக இருந்ததால் சொந்த ஆலை கட்டியது பயனளித்தது. 1930களிலேயே பழமும் காய்கறியும் டப்பாவில் அடைக்கும் ஆலையை வாங்கினார்கள். பின்னாளில் ரொட்டி, பால், ஐஸ்கிரீம். சிதறிக்கிடக்கும் கடைகளுக்கு ஒரு ரொட்டி ஆலை நஷ்டம். நெருக்கமான கடைகளுக்கு அதே ஆலை, வெளிப் பிராண்டுகளோடு விலை பேசும்போது கையில் இருக்கும் துருப்புச்சீட்டு.

1971-ல் மூன்றாம் தலைமுறை. மூத்த மகன் சமயப் பணியில் இறங்கிவிட்டார், இளையவர் சார்லஸ் தலைவரானார். அப்பா ஆழ்ந்த மத நம்பிக்கை உள்ளவர். ஞாயிற்றுக்கிழமை கடை கிடையாது, பீர் கிடையாது. மகன் காலத்தில், 1970களில், இரண்டும் மாறின. வீட்டில் என்ன பேச்சு நடந்திருக்கும் என்று நினைத்துப் பார்க்கிறேன். இயக்குநர் குழுக் கூட்டத்தை விடச் சாப்பாட்டு மேசையில் நடக்கும் விவாதம் கடினமானது.

1985-ல் தலைமையகம் சான் ஆன்டோனியோவுக்கு, பழைய ராணுவ ஆயுதக் கிடங்கு வளாகத்துக்கு மாறியது. 1988-ல் வால்மார்ட் முதல் சூப்பர்சென்டரைத் திறந்து மளிகைக்குள் நுழைந்தது. அதற்குப் பின் வட்டார நிறுவனங்கள் வரிசையாக விழுந்தன. சில நிறுவனங்கள் பயத்தில் நாலு மாநிலங்களுக்குத் தாவின. எச்.இ.பி தாவவில்லை. சொந்த ஊரில் விலையைக் குறைத்தது. ஹூஸ்டனுக்குள் நுழைந்தபோதும் எடுத்த எடுப்பில் பெரிய கடை போடவில்லை. 1990களில் 'பேன்ட்ரி' என்ற சிறு கடைகளைப் போட்டு ஊரைப் படித்துக்கொண்டார்கள். பெரிய கடைகள் அடுத்த பத்தாண்டில் வந்தன. பல மாநிலங்களில் கடை விரித்திருந்த ஆல்பர்ட்சன்ஸ் 2002-ல் ஹூஸ்டனையும் சான் ஆன்டோனியோவையும் விட்டே கிளம்பியது. பரந்து கிடந்தவர் கிளம்ப, நெருங்கி உட்கார்ந்தவர் தங்கினார்.

டல்லாஸ் கதை இன்னும் சுவாரசியம். சான் ஆன்டோனியோவிலிருந்து சுமார் 440 கிலோமீட்டர். அங்கே சென்ட்ரல் மார்க்கெட் என்ற உயர்தரக் கடைகள் மட்டும் அவர்களுக்கு இருந்தன. வழக்கமான எச்.இ.பி கடைக்கு நிலங்களை வாங்கிப்போட்டுப் பல வருடம் சும்மா விட்டிருந்தார்கள். அந்தப் பகுதி மக்கள் 'எப்போது வருவீர்கள்?' என்று கேட்டுக் கேட்டு அலுத்துப்போனார்கள். டல்லாஸுக்கு வடக்கே ஃபிரிஸ்கோவில் கடை திறந்தது 2022 செப்டம்பரில். பங்குச்சந்தை நிறுவனமாக இருந்தால் இத்தனை காலம் காலி நிலத்தைக் காட்டிக்கொண்டு இருக்க முடியுமா? ஆய்வாளர்கள் பிடுங்கி எடுத்திருப்பார்கள்.

நெருக்கத்துக்கு இன்னொரு பலனும் உண்டு. 2021 பிப்ரவரியில் டெக்சாஸ் பனியில் உறைந்து மின்சாரம் போனது. லியாண்டர் என்ற ஊரின் எச்.இ.பி கடையில் கூட்டம் நிற்கும்போதே விளக்கு அணைந்தது. பில் போட வழியில்லை. வண்டி நிறையச் சரக்கோடு நின்றவர்களைப் பணம் வாங்காமலே அனுப்பி வைத்தார்கள் ஊழியர்கள். அது நாடெங்கும் செய்தியானது. கடைக்காரரும் வாங்குகிறவரும் ஒரே குளிரில் நிற்கும்போது அப்படி ஒரு முடிவு எடுப்பது சுலபம் என்று நினைக்கிறேன். இதனால் கிடைத்த நல்ல பெயரை எத்தனை கோடி கொட்டினாலும் விளம்பரத்தில் வாங்க முடியாது என்று சொல்வோரும் உண்டு. சரி, அதுவும் உண்மைதான்.

இதுவரை சொன்னதைக் கேட்டுக் குடும்பம் என்றாலே வெற்றி என்று குறித்துக்கொண்டு போய்விடாதீர்கள். ஏ அண்ட் பி என்ற நிறுவனம் 1930 வாக்கில் சுமார் 16,000 கடைகள் வைத்திருந்தது. அதுவும் குடும்ப நிறுவனம்தான், ஹார்ட்ஃபோர்டு சகோதரர்களுடையது. ஒருவர் 1951-ல் இறந்தார், மற்றவர் 1957-ல். இருவருக்கும் வாரிசு இல்லை. அதன் பின் மெல்லத் தேய்ந்து 2015-ல் இரண்டாம் முறையாகத் திவாலாகி மூடப்பட்டது.

வாரிசு இல்லாதவர் கதை அது. வாரிசுகள் நிறைய இருந்தால் என்ன ஆகும் என்பதற்கு மார்க்கெட் பாஸ்கெட். மாசசூசெட்ஸ் மாநிலத்து லோவலில் 1917-ல் கிரேக்கத்திலிருந்து குடியேறிய டெமூலஸ் தம்பதி தொடங்கிய கடை. 1954-ல் மகன்கள் டெலிமாக்கஸ், ஜார்ஜ் இருவரும் வாங்கினார்கள். ஜார்ஜ் 1971-ல் திடீரென இறந்தார். அவருடைய பிள்ளைகளின் பங்கைப் பார்த்துக்கொள்ள வேண்டிய டெலிமாக்கஸ் அதைத் தன் பக்கம் மாற்றிக்கொண்டார் என்று 1990-ல் வழக்கு. 1994-ல் அவருக்கு எதிராகத் தீர்ப்பு. முடிவில் 50.5 சதவீதம் ஜார்ஜ் வீட்டுக்கு, மீதி 49.5 டெலிமாக்கஸ் வீட்டுக்கு. அந்த ஒரு சதவீத வித்தியாசத்தில்தான் அடுத்த இருபது வருடச் சண்டையும் நடந்தது.

2008-ல் டெலிமாக்கஸின் மகன் ஆர்தர் டி. தலைமை ஏற்றார். அந்த வருடப் பொருளாதாரச் சரிவில் ஊழியர்களின் லாபப்பங்கு நிதி 4.6 கோடி டாலர் இழந்தது. நிறுவனப் பணத்திலிருந்து அதை நிரப்பினார். ஊழியர் பெயர்களை நினைவில் வைத்திருப்பார், துக்க வீடுகளுக்குப் போவார். ஜார்ஜின் மகன் ஆர்தர் எஸ். தரப்போ, பங்குதாரர்களுக்கு ஏன் இன்னும் கூடுதலாகத் தரக்கூடாது என்று கேட்டது. நியாயமான கேள்விதான், சொத்தில் பாதிக்கு மேல் அவர்களுடையது. ஜார்ஜ் வீட்டு மருமகள் ஒருவர் அதுவரை ஆர்தர் டி. பக்கம் வாக்களித்து வந்தார். 2013-ல் அவர் மறுபக்கம் திரும்பியதும் தராசு சாய்ந்தது. 2014 ஜூனில் ஆர்தர் டி. நீக்கப்பட்டார்.

அடுத்து நடந்ததைப் படித்தபோது என்னால் நம்ப முடியவில்லை. சங்கமே இல்லாத ஊழியர்கள் வேலையை நிறுத்தினார்கள். சம்பளத்துக்கு இல்லை, தங்கள் முதலாளியைத் திருப்பிக் கேட்டு. கிடங்கு ஆட்களும் லாரி ஓட்டுநர்களும் நின்றதும் 71 கடைகளின் அலமாரிகளும் காலியாகத் தொடங்கின. வாடிக்கையாளர்கள் வேறு கடைகளில் வாங்கிய பில்களைக் கொண்டுவந்து மார்க்கெட் பாஸ்கெட் கண்ணாடியில் ஒட்டினார்கள். ஆகஸ்ட் இறுதியில் ஆர்தர் டி.யும் அவர் சகோதரிகளும் எதிர்த் தரப்பின் பங்கை 150 கோடி டாலருக்கு மேல் கொடுத்து வாங்கினார்கள்.

சினிமா என்றால் அங்கே 'சுபம்' போட்டிருப்பார்கள். 2025 மே மாதத்தில் நிறுவனத்தின் இயக்குநர் குழு அதே ஆர்தர் டி.யைக் கட்டாய விடுப்பில் அனுப்பியது, செப்டம்பரில் நீக்கியது. இந்த முறை குழுவின் பக்கம் நின்றவர்கள், 2014-ல் அவரோடு சேர்ந்து பங்கு வாங்கிய சகோதரிகள். சண்டையின் மையத்தில் இருந்த கேள்விகளில் ஒன்று, அவருக்குப் பின் யார்?

எச்.இ.பி இந்தக் கேள்வியைத் தள்ளிப்போடாமல் கொஞ்சம் கொஞ்சமாகப் பதில் சொல்லிவந்தது. சார்லஸ் பட் திருமணம் செய்துகொள்ளாதவர். அன்றாட நிர்வாகத்தைக் குடும்பத்துக்கு வெளியிலிருந்து வந்தவரிடம் ஒப்படைத்தார். சென்ட்ரல் மார்க்கெட்டை அவருடைய அண்ணன் மகன் ஒருவர் பார்த்துக்கொண்டார். 2015-ல் நிறுவனத்தின் பங்குகளில் 15 சதவீதம் வரை ஊழியர்களுக்குக் கொடுக்கப்போவதாக அறிவித்தார். அப்போது தகுதி பெற்றவர்கள் சுமார் 55,000 பேர். பங்குகள் வெளிச்சந்தைக்குப் போகாது. வேலையை விட்டுப் போகிறவரின் பங்கை நிறுவனமே திரும்ப வாங்கிக்கொள்ளும் ஏற்பாடு. வெளியார் உள்ளே வர வழியில்லை, உள்ளே இருப்பவருக்கும் பங்கு உண்டு.

கெர்வில் ஊரில் இன்றும் எச்.இ.பி கடை இருக்கிறது. கேள்விகள் இருந்தால் கேளுங்கள். லாரிக் கணக்கு பற்றிக் கேட்டால் எனக்கு இன்னும் சந்தோஷம்.