லாங்வுட் வாசலில் நின்றுபோன புத்தகங்கள்

(எங்கள் ஊர் வாசகர் வட்டத்தின் ஆண்டு விழாவில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)

விழாவுக்குத் தலைமையேற்றிருக்கும் மதிப்பிற்குரிய தலைவர் அவர்களே, தமது அலுவல்களுக்கிடையிலும் நேரம் ஒதுக்கி வந்து முன்வரிசையில் அமர்ந்திருக்கும் ஓய்வு பெற்ற நீதியரசர் அவர்களே, எனக்கு எழுத்தறிவித்த ஆசிரியப் பெருமக்களே, இந்த மண்டபத்தை இன்று வாடகையின்றி அளித்து உதவிய சங்கத்தின் செயலாளர் அவர்களே, மாதந்தோறும் தவறாமல் வந்து முதலாவதாக இருக்கையில் அமரும் மூத்த வாசகர்களே, தாய்மார்களே, மாணவச் செல்வங்களே, உங்கள் அனைவருக்கும் என் பணிவான வணக்கம். நீதியரசர் அவர்கள் முன்னிலையில் சிறையைப் பற்றிப் பேசுவதற்கு எனக்குச் சற்றுத் தயக்கம் உண்டு. ஆயினும் இன்று நான் சொல்லப்போகும் செய்தி அவர்களைப் போன்றவர்களின் செவியில் விழ வேண்டும் என்பதே என் விருப்பம் என்பதால், அவர்கள் வந்திருப்பதை என் பேறாகக் கருதுகிறேன்.

நெப்போலியனின் கடைசி ஆறு ஆண்டுகளைப் பற்றி மூன்று செய்திகள் சொல்ல எண்ணி வந்திருக்கிறேன். முதலாவது அவர் அந்தத் தீவுக்குப் போய்ச் சேர்ந்த விதம், இரண்டாவது அவருக்கும் அவருடைய காவலருக்கும் இருந்த உறவு, மூன்றாவது அந்தத் தனிமையில் அவர் சொல்லச் சொல்லப் பிறர் எழுதிய நினைவுக் குறிப்புகள் பிற்கால ஐரோப்பாவை எப்படி அசைத்தன என்பது.

1815 ஜூன் 18 அன்று வாட்டர்லூவில் தோற்ற நெப்போலியன், ஜூலை 15 அன்று பெல்லரோஃபன் என்ற பிரிட்டிஷ் கப்பலில் ஏறித் தம்மை ஒப்படைத்துக்கொண்டார். இங்கிலாந்தில் எங்கேனும் ஒரு கிராமத்தில் குடியிருக்க விடுவார்கள் என்று நம்பினார். ஆனால் அக்டோபரில் அவர் இறக்கிவிடப்பட்ட இடம் செயின்ட் ஹெலினா. ஆப்பிரிக்கக் கரையிலிருந்து ஏறத்தாழ 1,900 கிலோமீட்டர் தொலைவில், அட்லாண்டிக் பெருங்கடலின் நடுவே எழுந்து நிற்கும் எரிமலைப் பாறை அது. ஐரோப்பாவின் வரைபடத்தையே மாற்றி எழுதியவருக்கு லாங்வுட் என்ற ஈரக்காற்று வீசும் மேட்டுநிலத்தில் ஒரு வீட்டை ஒதுக்கினார்கள். அதே 1815-ஆம் ஆண்டில்தான் கண்டியின் கடைசி மன்னர் ஸ்ரீ விக்கிரம ராஜசிங்கரும் அதே பிரிட்டிஷாரின் கையில் சிக்கி, அடுத்த ஆண்டு நம்முடைய வேலூர்க் கோட்டைக்குக் கொண்டுவரப்பட்டார் என்பதையும், 1832-இல் இறக்கும்வரை ஊர் திரும்பவில்லை என்பதையும் இங்கே நினைத்துக்கொள்ள வேண்டும்.

இனிக் காவலருக்கு வருகிறேன். 1816 ஏப்ரலில் தீவின் ஆளுநராக வந்திறங்கியவர் சர் ஹட்சன் லோ. நெப்போலியன் பிறந்த அதே 1769-ஆம் ஆண்டில் பிறந்தவர். நெப்போலியனின் பிறந்த மண்ணான கோர்சிக்காவிலிருந்து வெளியேறியவர்களைக் கொண்டு பிரிட்டிஷார் அமைத்த படைக்குத் தலைமை தாங்கியவர். தம் நாட்டவரைத் தமக்கு எதிராக நடத்தியவர் என்பதால் நெப்போலியனுக்கு அவர்மேல் தொடக்கத்திலேயே கசப்பு இருந்தது. ஒரே சிறு தீவில் ஐந்தாண்டுகள் வாழ்ந்த இருவரும் நேருக்கு நேர் சந்தித்தது ஆறே முறைதான். 1816 ஆகஸ்ட் 18-க்குப் பிறகு நெப்போலியனை உயிரோடு லோ பார்க்கவே இல்லை.

சண்டை பெரும்பாலும் ஒரு சொல்லைச் சுற்றியே நடந்தது. நெப்போலியன் தம்மைப் பேரரசர் என்றார், பிரிட்டிஷார் ஜெனரல் போனபார்ட் என்றார்கள். ‘சாமி வரம் கொடுத்தாலும் பூசாரி வரம் கொடுக்க மாட்டார்’ என்று நம் ஊரில் சொல்வார்களே, அந்தப் பழமொழியை நான் மேடைதோறும் சொல்வதாக நண்பர்கள் குறைகூறுவதுண்டு. இன்றும் அதைச் சொல்லாமல் இருக்க என்னால் இயலாது. லண்டனில் இருந்த அமைச்சர் பாதர்ஸ்ட் பிரபு கடுமையானவரே. இங்கே சாமியும் தாராளமாக வரம் கொடுத்துவிடவில்லை. ஆனால் மேலிடத்து ஆணையில் இருந்த சிறு இடைவெளிகளையும் தம் அச்சத்தைக் கொண்டு அடைத்தவர் லோ.

இதற்கு ஒரு கதை சொல்கிறேன். சற்று நீளும், பொறுத்தருள வேண்டும். ஜான் ஹாப்ஹவுஸ் என்ற ஆங்கில எழுத்தாளர், நெப்போலியன் முதலில் நாடுகடத்தப்பட்டிருந்த எல்பா தீவிலிருந்து திரும்பி வந்து ஆண்ட கடைசி நூறு நாள்களைப் பற்றி ஒரு நூல் எழுதினார். எழுதியவர் ஆங்கிலேயர், ஆயினும் நெப்போலியனிடம் பரிவு கொண்டவர். அந்த நூலைத் தீவுக்கு அனுப்பிவைத்தார். கப்பல் மாதக்கணக்கில் கடலைக் கடந்து வருகிறது, பொட்டலம் ஆளுநரின் மேசைக்குப் போகிறது. லோ அதைப் பிரிக்கிறார். முதல் பக்கத்தில் லத்தீனில் இரண்டு சொற்கள்: ‘இம்பெராத்தோரி நெப்போலியோனி’, அதாவது ‘பேரரசர் நெப்போலியனுக்கு’. அவ்வளவுதான், நூல் நின்றுவிட்டது. உள்ளே என்ன எழுதியிருக்கிறது என்பது பிரச்சினை அன்று. அன்பளிப்பாக எழுதிய அந்த இரு சொற்களே பிரச்சினை. லாங்வுட்டுக்கும் ஆளுநர் மாளிகைக்கும் இடையே இருந்த சில மைல் தொலைவை அந்தப் புத்தகத்தால் கடக்க முடியவில்லை.

கதை அத்துடன் முடியவில்லை. ஐந்தாண்டுகள் கழித்து, 1821-இன் தொடக்க மாதங்களில், நெப்போலியன் மரணப் படுக்கையில் கிடக்கிறார். இந்த முறை புத்தகம் எதிர்த்திசையில் பயணம் செய்தது. தம்மைக் காவல் காத்த 20-ஆம் படைப்பிரிவின் நூலகத்துக்கு அவர் ஒரு நூலை அன்பளிப்பாகக் கொடுத்தார். அது எந்த நூல் தெரியுமா? பிரெஞ்சு அரசரின் படைகளைப் போர்தோறும் தோற்கடித்த ஆங்கிலத் தளபதி மார்ல்பரோவின் வாழ்க்கை வரலாறு! ஆங்கிலச் சிப்பாய்கள் தங்கள் தளபதியின் பெருமையைப் படிக்கட்டும் என்று, அவர்களின் கைதியே எடுத்துக் கொடுக்கிறார். லாங்வுட்டில் பொறுப்பில் இருந்த கேப்டன் லுட்டியன்ஸ் அதை வாங்கிக்கொண்டார். ஆனால் அந்தத் தொகுதிகளிலும் பேரரசர் என்ற பட்டம் இருந்தது. அதைக் கண்டதும் மேலதிகாரிகள் கலங்கினார்கள், நூல்கள் திருப்பப்பட்டன, லுட்டியன்ஸ் அந்தப் பொறுப்பிலிருந்து விலக நேர்ந்தது. சாகப்போகும் மனிதர் நீட்டிய புத்தகத்தை வாங்கியது குற்றமாகிவிட்டது! சாமி வரம் கொடுத்தாலும் பூசாரி வரம் கொடுக்க மாட்டார்.

லோ கொடியவர் என்று நான் சொல்லவில்லை. 1818-இல் அந்தத் தீவில், அந்த ஆண்டின் கிறிஸ்துமஸ் நாள் தொட்டு அடிமைகளுக்குப் பிறக்கும் குழந்தைகள் சுதந்திரர்கள் என்று ஏற்பாடு செய்தவரும் அவரே. அந்த நன்மையை நாம் மறக்கலாகாது. அவரை ஆட்டிவைத்தது பயம். நெப்போலியனின் தோழர் மோந்தொலோன், பிரெஞ்சு அரசின் பிரதிநிதியாக அங்கிருந்த மோன்ஷெனு பிரபுவுக்குத் தோட்டத்தில் விதைக்க வெள்ளை அவரையும் பச்சை அவரையும் கொடுத்தார். வெள்ளை அப்போது பிரான்சை ஆண்ட பூர்போன் அரச வம்சத்தின் நிறம், பச்சை நெப்போலியனின் நிறமாயிற்றே என்று லோ லண்டனுக்கே எழுதினார். மோன்ஷெனு இரண்டையும் மறுத்திருக்கலாம், அல்லது வெள்ளையை மட்டும் கேட்டு வாங்கியிருக்கலாம் என்பது லோவின் கருத்து. அவரை விதையில் சதியைத் தேடும் அளவுக்கு ஒரு மனிதரைப் பொறுப்பின் பாரம் நசுக்கிவிடும் என்பதை எண்ணும்போது எனக்கு அவர்மேல் இரக்கமே உண்டாகிறது. இந்த ஹட்சன் லோதான் பின்னாளில், 1825 முதல் 1830 வரை, இலங்கையில் பிரிட்டிஷ் படைகளுக்குத் தலைமை வகித்தார்.

1821 மே 5 அன்று மாலை நெப்போலியன் இறந்தார். கல்லறைக் கல்லில் ‘நெப்போலியன்’ என்று மட்டும் பொறிக்க வேண்டும் என்றார்கள் தோழர்கள். ‘போனபார்ட்’ என்பதும் சேர வேண்டும் என்றார் லோ. இருவரும் இணங்காததால் பெயரே இல்லாத கல் அங்கே கிடந்தது. 1840-இல் உடலைப் பாரீசுக்கு எடுத்துச் சென்றபோதும் அந்தக் கல்லில் எழுத்து இல்லை.

மூன்றாவதாகச் சொல்ல வந்த நினைவுக் குறிப்புகளைப் பற்றி விரித்துரைக்க நேரமில்லை என்று தலைவர் அவர்கள் கைக்கடிகாரத்தைக் காட்டுகிறார்கள். ஒன்றை மட்டும் சொல்கிறேன். அந்த மனிதரிடம் இருந்து அரியணையையும் படையையும் மனைவியையும் மகனையும் பிரித்துவிட்டார்கள். ஆனால் படிப்பதற்கும் சொல்லி எழுதுவிப்பதற்கும் அவருக்கு வழி இருந்தது. அந்த வழிதான் அவரை ஆறு ஆண்டுகள் தாங்கிப்பிடித்தது.

ஆகவேதான் நமது வாசகர் வட்டம் மூன்றாண்டுகளாகச் சிறைவாசிகளுக்கு நூல் சேகரித்து வருகிறது. சென்ற ஆண்டு ஒரு சிறைக்கு நான்கு பெட்டிகள் கொண்டுபோனோம். மேலிடத்து அனுமதிக் கடிதம் கையில் இருந்தது. நூல்களின் முதல் பக்கத்தில் கொடுத்தவர்களின் பெயரும் வாழ்த்தும் எழுதியிருக்கின்றன, ஆகையால் உள்ளே விட இயலாது என்று வாசலிலேயே திருப்பிவிட்டார்கள். பெட்டிகளை ஆட்டோவில் ஏற்றிக்கொண்டு திரும்பிய அன்றுதான் எனக்கு ஹாப்ஹவுஸின் அந்த இரு சொற்கள் நினைவுக்கு வந்தன. சாமி வரம் கொடுத்தாலும் பூசாரி வரம் கொடுக்க மாட்டார் என்பதை நான் ஏட்டில் படித்து அறியவில்லை, அந்த வாசலில் நின்று அறிந்தேன்.

நீதியரசர் அவர்களிடம் என் விண்ணப்பம் இதுதான்: எந்த நூல் உள்ளே போகலாம், எது போகக்கூடாது என்பதை வாசலில் நிற்பவரின் அச்சத்துக்கு விடாமல், எழுத்துவடிவில் தெளிவான விதியாக்கும்படி அரசிடம் நாங்கள் கொடுக்கவிருக்கும் மனுவில் தங்கள் கையெழுத்து முதலாவதாக இருக்க வேண்டும். மனு மேடையின் இடப்பக்க மேசையில் இருக்கிறது. அதனருகே புத்தகப் பெட்டியும் இருக்கிறது. இரவு ஒன்பது மணி வரை எடுக்க மாட்டோம். திரும்பிவந்த நான்கு பெட்டிகளும் அப்படியே இருக்கின்றன. அவற்றில் எழுதிய வாழ்த்துகள் எதையும் நாங்கள் கிழிக்கவில்லை.